"இம்போர்ட் ரேட் ஏறுது, இன்னைக்கே அட்வான்ஸ் போடுங்க": நீச்சல் உடை வாங்கி நான் ஏமாந்தது

கிருஷ்ணகிரி பஸ் ஸ்டாண்ட் பக்கத்துத் தெருவில் பதினோரு வருஷமாகச் சின்னதாக ஒரு லேடீஸ் கடை நடத்துகிறேன். நைட்டி, உள்ளாடை, லெகிங்ஸ், ஸ்கூல் ஸ்லிப் இதுதான் என் வியாபாரம். இந்த வருஷம் பெண்களுக்கான நீச்சல் உடையில் ஒரு லட்சத்து நாற்பதாயிரம் ரூபாய் போட்டு ஏமாந்து நிற்கிறேன். தர்மபுரி, ஓசூர், கிருஷ்ணகிரி பக்கம் என்னைப் போலச் சின்னக் கடை வைத்திருக்கிறவர்கள் அடுத்த கோடைக்கு இந்தச் சரக்கு எடுக்க நினைத்தால், தயவுசெய்து பணம் அனுப்புவதற்கு முன் இதை முழுசாகப் படித்துவிடுங்கள்.

நம்ம ஊரில் நீச்சல் உடை யார் வாங்குகிறார்கள் என்று கேட்பீர்கள். மூன்று வருஷத்துக்கு முன்னால் நானும் அப்படித்தான் நினைத்தேன். ஓசூரில் அபார்ட்மெண்ட் பெருகிவிட்டது, பாதிக்கு மேல் நீச்சல் குளத்தோடுதான் கட்டுகிறார்கள். ஏப்ரல் மே வந்தால் பிள்ளைகளுக்குக் கோடை வகுப்பு, அம்மாக்களுக்குத் தனி பேட்ச். டாக்டர் முட்டிவலிக்கு நீச்சல் போகச் சொன்னார் என்று நாற்பது, ஐம்பது வயதுப் பெண்கள் வருகிறார்கள். சுடிதாரோடு குளத்தில் இறங்க விடமாட்டார்கள், அதனால் முட்டி வரை பேண்ட்டும் அரைக்கையும் வைத்த முழு உடை, அல்லது உள்ளே ஷார்ட்ஸ் சேர்த்துத் தைத்த பிராக் மாடல், அதுவும் எக்ஸெல்லில் இருந்து நாலு எக்ஸெல் வரை வேண்டும். பெரிய கடைகளில் அந்த சைஸ் கிடைப்பதில்லை என்று பெங்களூர் சிக்பேட் வரை போய் அலைகிறார்கள். நானும் அங்கிருந்துதான் ஒவ்வொரு முறையும் இருபது முப்பது பீஸ் எடுத்து வந்து விற்றுக்கொண்டிருந்தேன். மொத்தமாக எடுத்தால் நல்லா இருக்குமே என்று தோன்றியது அதனால்தான்.

ஜனவரியில் டெல்லியில் இருக்கும் ஒரு இறக்குமதி வியாபாரியின் ஏஜென்ட் என்று ஒருவர் வாட்ஸ்அப்பில் வந்தார். தமிழ் நன்றாகப் பேசினார், முதல் நாளே "அக்கா" என்றார். சாம்பிள் இரண்டு பீஸ் கூரியரில் அனுப்பினார். சாம்பிளில் ஒரு குறையும் சொல்ல முடியாது, இதைச் சொல்லித்தான் ஆக வேண்டும். நைலான் லைக்ரா துணி, கனமாக, நாலு பக்கமும் இழுபடுகிறது, முன்புறம் முழுக்க லைனிங், தையல் தட்டையாக உறுத்தாமல் இருந்தது. பீஸ் 480 ரூபாய் என்று பேசினோம். எக்ஸெல் 60, இரண்டு எக்ஸெல் 80, மூன்று எக்ஸெல் 60, நாலு எக்ஸெல் 40, ஆக 240 பீஸ். பாதிப் பணம் 57,600 ரூபாயைக் கம்பெனி பெயரில் இருந்த கரண்ட் அக்கவுண்டில் போட்டேன்.

போட்ட மூன்றாவது நாளில் இருந்து பேச்சு மாறியது. தினமும் ஒரு செய்தி வரும். டாலர் 90 ரூபாயைத் தாண்டிவிட்டது அக்கா. பங்களாதேஷ் சரக்கை எல்லையில் நிறுத்திவிட்டார்கள் அக்கா. சீனாவில் புத்தாண்டு லீவு, பேக்டரி எல்லாம் மூடிவிட்டார்கள், கண்டெய்னர் கிடைக்கவில்லை. ஜிஎஸ்டி 18 சதவீதம் ஆகிவிட்டது. கடைசியில், பீஸ் 545 ரூபாய், இன்று மாலைக்குள் மீதிப் பணம் வராவிட்டால் நாளைக்கு இந்த ரேட்டும் இருக்காது, அட்வான்ஸும் திரும்பாது. ஒவ்வொன்றுக்கும் பேப்பர் செய்தியின் படமும் அனுப்பினார். அந்தச் செய்திகள் எதுவுமே பொய் இல்லை. நான் விழுந்ததும் அதனால்தான்.

அப்புறம் என் ஆடிட்டரிடம் உட்கார்ந்து கணக்குப் போட்டபோதுதான், நிஜமான செய்திகளை வைத்து எப்படி என்னைப் பயம் காட்டினார் என்று புரிந்தது. முதலில் டாலர். 2025 ஜனவரியில் 86 ரூபாய் அளவில் இருந்தது, டிசம்பரில் 90ஐத் தாண்டியது உண்மை. ஆனால் அதனால் ஒரு பீஸுக்கு எவ்வளவு ஏறும்? துறைமுகத்தில் வந்து இறங்கும்போது, கப்பல் கூலி, இன்சூரன்ஸ் எல்லாம் சேர்த்து ஒரு பீஸ் 300 ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். தைத்த ஆடைகள் பலவற்றுக்கு 2018 ஜூலையில் சுங்க வரியை 20 சதவீதமாக ஏற்றினார்கள், அந்தக் கணக்கில் 60 ரூபாய். அந்த வரியின் மேல் பத்து சதவீதம் சமூக நலக் கூடுதல் வரி, 6 ரூபாய். ஆக 366. அதன் மேல் ஐஜிஎஸ்டி, அதாவது இறக்குமதிக்குப் போடும் ஜிஎஸ்டி, அதை வியாபாரி தன் வரியில் கழித்துக்கொள்வார். இப்போது டாலர் 86ல் இருந்து 90க்குப் போனால் அந்த 300 என்பது 314 ஆகிறது, வரியெல்லாம் சேர்த்துப் பார்த்தால் மொத்தம் 17 ரூபாய்தான் ஏறுகிறது. என்னிடம் ஏற்றியது 65 ரூபாய். அதுவும் அவர் என்னோடு விலை பேசியதே ஜனவரியில், டாலர் ஏறின பிறகு!

பங்களாதேஷ் விஷயமும் அப்படித்தான். 2025 மே 17 அன்று மத்திய அரசு போட்ட உத்தரவுப்படி பங்களாதேஷ் ரெடிமேட் ஆடைகள் தரை வழியாக வரக்கூடாது, மும்பை பக்கத்து நவசேவா, கொல்கத்தா என்ற இரண்டு துறைமுகம் வழியாக மட்டும் வரலாம். அதனால் அந்தச் சரக்குக்குச் செலவும் நாளும் கூடியது நிஜம். ஆனால் என் சரக்கு சைனாவில் இருந்து வந்தது என்று அவரே முதல் வாரம் வாய்ஸ் மெசேஜில் சொல்லியிருக்கிறார், அதற்கும் இதற்கும் என்ன சம்பந்தம்? சீனப் புத்தாண்டுக்கு அங்கே வாரக்கணக்கில் மூடுவதும் வருஷா வருஷம் நடப்பதுதான். அதனாலேயே நம்ம ஊர் கோடைக்கான நீச்சல் உடையை இறக்குமதி செய்கிறவர்கள் முன்கூட்டியே சொல்லி வைத்து, லீவுக்கு முன்பே கப்பலில் ஏற்றிவிடுவார்கள். சரக்கு குடோனில் இருக்கிறது என்று வீடியோ காட்டிவிட்டு, கண்டெய்னர் கிடைக்காததால் அதே சரக்குக்கு விலை ஏற்றுகிறேன் என்றால் எப்படி? புதுச் சரக்கு விலை ஏறும்போது பழைய ஸ்டாக்கிலும் கொஞ்சம் ஏற்றுவது வியாபாரத்தில் உண்டு, நானும் செய்திருக்கிறேன். ஆனால் விலை பேசி அட்வான்ஸ் வாங்கிய பிறகு ஏற்றக்கூடாது.

ஜிஎஸ்டி கதைதான் எனக்கு ரொம்ப வலிக்கிறது, ஏனென்றால் ஒரே ஒரு போன் செய்திருந்தால் தெரிந்திருக்கும். 2025 செப்டம்பர் 22 முதல் ஒரு பீஸ் 2,500 ரூபாய் வரை உள்ள ஆடைக்கு 5 சதவீதம், அதற்கு மேல் போனால்தான் 18. முன்பு 1,000 ரூபாய்க்கு மேல் 12 இருந்தது. 545 ரூபாய் துணிக்கு 18 எங்கிருந்து வந்தது? நான் கேட்டேன். "சரி அக்கா, உங்களுக்காக அஞ்சே போடுறேன்" என்றார். எனக்காக ஏதோ விட்டுக்கொடுக்கிறார் என்று நானும் நம்பினேன்.

ஆக 240 பீஸ், 545 வீதம் 1,30,800. வரி 6,540. அட்வான்ஸ் போக மீதி 79,740. கம்பெனி அக்கவுண்டில் லிமிட் முடிந்துவிட்டது என்று சொல்லி வேறு ஒருவர் பெயரில் சேவிங்ஸ் அக்கவுண்ட் நம்பர் கொடுத்தார். அங்கேயே நான் நிறுத்தியிருக்க வேண்டும். அண்ணி கூட, "பேர் வேற இருக்கே, கேளு" என்றார். சீசன் போய்விடுமே என்ற அவசரத்தில் அனுப்பிவிட்டேன்.

பார்சல் மார்ச்சில் லாரி ஆபீசுக்கு வந்தது. டு பே போட்டு அனுப்பியிருந்தார், 2,850 ரூபாய் கூலியும் நானே கட்டினேன். மூட்டையைப் பிரித்தால் 226 பீஸ்தான் இருக்கிறது. மூன்று எக்ஸெல் என்று ஸ்டிக்கர் ஒட்டியதை டேப் வைத்து அளந்தால் நம்ம ஊர் லார்ஜுக்கும் குறைவு. சைனா அளவு ஒன்றிரண்டு சைஸ் சின்னதாக வரும் என்று இந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரியும், ஆனால் சாம்பிள் சரியான அளவில் அனுப்பியிருந்தாரே. கழுத்து லேபிள் எல்லாவற்றிலும் கத்தரித்திருந்தது. கேட்டதற்கு, இது ஸ்ரீலங்கா பேக்டரி எக்ஸ்போர்ட் சர்ப்ளஸ், அதனால்தான் லேபிள் வெட்டுவார்கள் என்றார். ஸ்ரீலங்காவில் நல்ல நீச்சல் உடை தைக்கிறார்கள் என்பது உண்மை, வெளிநாட்டு பிராண்டுகளுக்கே அங்கிருந்து போகிறது. இது அந்தச் சரக்கு இல்லை. மெல்லிய பாலியஸ்டர், அகலவாக்கில் மட்டும் இழுபடுகிறது, இழுத்தால் பூப்போட்ட பிரிண்ட் விரிந்து உள்ளே வெள்ளையாகத் தெரிகிறது. லைனிங் நெஞ்சுப் பகுதிக்கு மட்டும் ஒரு துண்டு.

அப்போதும் சீசன் கண்ணை மறைத்தது. சைஸ் பொருந்துகிறவர்களுக்கு மட்டும் கொடுப்போம் என்று 850 ரூபாய்க்கு 37 பீஸ் விற்றேன். அதில் ஒருவர் எனக்கு ஏழெட்டு வருஷப் பழக்கமான டீச்சரம்மா. ஓசூரில் பெண்கள் பேட்சில் சேர்ந்திருந்தார். முதல் நாள் குளத்தில் இறங்கி ஏறினபோது துணி நனைந்து உடம்போடு ஒட்டி உள்ளே தெரிகிற மாதிரி ஆகிவிட்டது. கூட இருந்த ஒரு பெண் ஓடிவந்து துண்டு போர்த்தியிருக்கிறார். மறுநாள் கடைக்கு வந்து கவரை மேஜையில் வைத்தார், சத்தம் போடவில்லை, "இனிமே நான் அந்த வகுப்புக்குப் போகலைம்மா" என்று மட்டும் சொன்னார். ஐம்பது வயதில் தைரியம் செய்து நீச்சல் கற்றுக்கொள்ள வந்தவர். பணத்தைத் திருப்பிக் கொடுத்தேன், ஆனால் அவர் இழந்ததை என்னால் திருப்பிக் கொடுக்க முடியவில்லை. இதை எழுதுவதற்கு முக்கியக் காரணம் அதுதான். அன்றைக்கே, வாங்கினவர்களில் நம்பர் இருந்த எல்லோருக்கும் போன் போட்டு வரச் சொன்னேன். டீச்சரம்மாவையும் சேர்த்து 31 பேர், 26,350 ரூபாய் திருப்பிக் கொடுத்தேன். மீதி ஆறு பேர் நம்பர் என்னிடம் இல்லை. என் கடையில் இந்தக் கோடையில் பூப்போட்ட நீச்சல் உடை எடுத்தவர் யாராவது இதைப் படித்தால், பில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை, கொண்டு வாருங்கள்.

பில் விஷயத்துக்கு வருகிறேன். பத்து தடவை கேட்ட பிறகு ஒரு பில் அனுப்பினார். அதில் 240 பீஸ், 150 ரூபாய் வீதம் 36,000, வரி 1,800, மொத்தம் 37,800. வெளி மாநிலத்தில் இருந்து 50,000 ரூபாய்க்கு மேல் சரக்கு வந்தால் இ-வே பில், அதாவது சரக்கு லாரியில் போவதற்கு ஜிஎஸ்டி தளத்தில் எடுக்கும் சீட்டு, போட வேண்டும், அதைத் தவிர்க்கத்தான் இந்தத் தொகை. எச்எஸ்என் கோடு, அதாவது என்ன பொருள் என்று வரிக்காகப் போடும் எண், 6109 என்று இருந்தது, அது டி-ஷர்ட்டுக்கு உரியது. பின்னல் துணியில் செய்த நீச்சல் உடைக்கு 6112, அதிலும் செயற்கை இழையில் பெண்களுக்கானது என்றால் இறக்குமதியில் 61124100. 07 என்று டெல்லி கோடில் தொடங்கும் அந்த ஜிஎஸ்டி நம்பரை ஆடிட்டர் ஜிஎஸ்டி தளத்தில் போட்டுப் பார்த்தார், பதிவே ரத்தாகி இருந்தது. அதனால் நான் கட்டிய வரி என் 2பி-யில், அதாவது நான் கழிக்கக்கூடிய வரியை ஜிஎஸ்டி தளம் காட்டும் பட்டியலில், வரவே இல்லை, கழிக்கவும் முடியாது. அதைவிடப் பெரிய சிக்கல், நான் கொடுத்தது ஒரு லட்சத்து முப்பத்தேழாயிரம், கையில் இருக்கிற பில் முப்பத்தேழாயிரம், மீதி ஒரு லட்சத்துக்குக் கணக்குக் காட்ட பில்லே இல்லை.

ஸ்டேஷனில் புகார் கொடுத்து புகார் வந்ததற்கு அவர்கள் தரும் சிஎஸ்ஆர் ரசீது வாங்கியிருக்கிறேன். சைபர் மோசடிக்கான 1930 நம்பருக்கும் சொன்னேன், ஆனால் பணம் போய் ரொம்ப நாள் கழித்துச் சொன்னேன். அந்த நம்பருக்கு எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ அவ்வளவுக்குத்தான் பணம் அக்கவுண்டில் நிற்கும்போதே முடக்க வழி உண்டு, எனவே சந்தேகம் வந்த அந்த மணி நேரமே கூப்பிடுங்கள். நுகர்வோர் கோர்ட்டுக்குப் போகலாம் என்று நினைத்திருந்தேன். மறுபடி விற்பதற்காக வாங்கினவரை 2019 நுகர்வோர் சட்டம் நுகர்வோராகவே எடுத்துக்கொள்ளாது என்று வக்கீல் சொன்னபோது தூக்கிவாரிப் போட்டது. என்னிடம் வாங்கினவர் என் மேல் கேஸ் போடலாம், நான் அவர் மேல் அங்கே போட முடியாது. வக்கீல் நோட்டீஸ் பில்லில் இருந்த முகவரிக்கு அனுப்பினோம், ஆள் இல்லை என்று திரும்பி வந்தது.

இனி எடுக்கப் போகிறவர்களுக்கு. இறக்குமதிச் சரக்கு என்று சொன்னால் பில் ஆஃப் என்ட்ரி, அதாவது சரக்கு வந்து இறங்கும்போது சுங்கத்துறையிடம் கொடுக்கும் படிவம், அதன் முதல் பக்கத்தைக் கேளுங்கள், விலையை மறைத்துவிட்டே காட்டட்டும், எந்த நாடு, எந்தத் துறைமுகம், எந்தத் தேதி, எந்தக் கோடு என்று தெரிந்தால் போதும். பேக் செய்த இறக்குமதிப் பொருளில் இறக்குமதி செய்தவர் பெயர், முகவரி, எந்த நாட்டுச் சரக்கு, எம்ஆர்பி எல்லாம் அச்சாகி இருக்க வேண்டும், இல்லாத சரக்கை உங்கள் கடையில் வைத்தால் கேள்வி உங்களுக்குத்தான் வரும். விலை ஏறுகிறது என்று யாராவது சொன்னால் மத்திய வணிக அமைச்சகத்தின் ஏற்றுமதி இறக்குமதி புள்ளிவிவரத் தளத்தில் அந்த எட்டு இலக்கக் கோடைப் போட்டுப் பாருங்கள். எந்த நாட்டில் இருந்து எத்தனை பீஸ், எவ்வளவு ரூபாய்க்கு வந்தது என்று இருக்கும், வகுத்தால் சராசரி தெரியும். மட்டமும் உசத்தியும் கலந்த சராசரிதான் என்றாலும், போன வருஷத்தோடு ஒப்பிட்டால் போக்கு புரியும்.

சாம்பிளை நம்பாதீர்கள். வரும் மூட்டையில் நடுவில் இருந்து நாலு பீஸ் எடுத்து, நனைத்துப் பிழியாமல் செல்போன் டார்ச் மேல் விரித்துப் பாருங்கள், வெளிச்சம் அப்படியே வந்தால் விற்காதீர்கள். சாயம் ஒட்டுகிறதா என்று ஈரத்தோடு வெள்ளைக் கர்சீப்பில் தேய்த்துப் பாருங்கள். நெடுக்கிலும் அகலத்திலும் இழுத்து விடுங்கள், பழைய அளவுக்குத் திரும்ப வேண்டும். குளத்துக் குளோரின் லைக்ராவைச் சீக்கிரம் தின்றுவிடும், அதனால் தினமும் வகுப்புக்குப் போகிறவர்களுக்கு பிபிடி என்று சொல்லும் பாலியஸ்டர் வகை கிடைத்தால் அது கொஞ்சம் அதிக நாள் தாங்கும். மீதிப் பணத்தை, லாரி ஆபீசில் மூட்டையைப் பிரித்துப் பார்த்த பிறகு, பில்லில் உள்ள அதே பெயருக்கு, அதே தொகையாக மட்டும் அனுப்புங்கள். முடியாது என்றால் விட்டுவிட்டு சிக்பேட்டுக்கோ திருப்பூர் காதர்பேட்டைக்கோ நேரில் போய்க் கையால் தொட்டுப் பார்த்து எடுங்கள். பீஸுக்கு முப்பது நாற்பது கூடப் போனாலும் மறுநாள் திரும்பப் போய்க் கேட்க ஒரு கடை இருக்கும்.

220 பீஸ் கடைப் பரண் மேல் கிடக்கிறது. வெளியே விற்கமாட்டேன். அதில் இரண்டை, சாம்பிளாக வந்த நல்ல பீஸோடு சேர்த்து, கல்லாப் பக்கத்தில் தொங்கவிட்டிருக்கிறேன். சரக்கு எடுக்கப் போகும் முன் வித்தியாசம் பார்க்க நினைக்கும் கடைக்காரர்கள், மதியம் இரண்டு மணிக்கு மேல் கூட்டம் இருக்காது, அப்போது வாருங்கள், நனைத்தே காட்டுகிறேன்.