நாஞ்சில்நாட்டுப் பெண்களின் உழைப்பைத் தேட: ஓலையா, மிஷன் கடிதமா?

ஆலைக்கு முந்தைய காலத்தில் பெண்கள் என்ன வேலை செய்தார்கள் என்று தேடுவோர் முதலில் தடுமாறும் இடம் இது.

யார் தெரிகிறார்: அழகியபாண்டிபுரம் முதலியார் குடும்பத்தின் பனையோலை ஆவணங்களில் பெண் பெரும்பாலும் விலைப்பொருளாகவே வருகிறாள். அடிமை ஓலையில் விலை இருக்கும். அவள் நட்ட நாற்றைப் பற்றி ஒரு வரி இருக்காது. அந்த மௌனத்தையும் பதிவாகவே கொள்ளுங்கள். நாகர்கோவிலில் இருந்த லண்டன் மிஷன் என்ற கிறிஸ்தவ ஊழியச் சங்கத்தின் கடிதங்களிலோ, அக்கானி (பதநீர்) காய்ச்சுவது, 1820களில் தொடங்கிய லேஸ் பின்னல் என வேலையே கண்முன் வரும்.

வாசிப்பு: ஓலைக்குப் பழைய எழுத்துப் பயிற்சி வேண்டும். கடிதத்துக்கு ஆங்கிலம் போதும்.

காலம்: ஓலையில் இருப்பது கொல்லம் ஆண்டு, ஆவணியில் தொடங்கும் மலையாள ஆண்டுக்கணக்கு. ஆங்கில ஆண்டு கிடைக்க, ஆவணி முதல் டிசம்பர் முடிய 824, ஜனவரி முதல் ஆடி முடிய 825 கூட்டுங்கள். எல்லாவற்றுக்கும் 825 கூட்டி ஓராண்டு பிசகுவோர் பலர்.

பிழை: கடிதங்கள் நன்கொடையாளருக்காக எழுதப்பட்டவை, துயரமும் மீட்பும் தூக்கலாக இருக்கும். மிஷன் விடுதிச் சிறுமிகளுக்கு நன்கொடையாளர் பெயரையே சூட்டியதால், ஊர்ப்பெயரோடு பொருத்துவது கடினம்.

திருவிதாங்கூரில் 1855இல் அடிமைமுறை ஒழிவதற்கு முன் விற்கப்பட்ட பெண்களைத் தேட ஓலை. வீட்டுத்தொழில், கூலிக்குக் கடிதம்.