ஸ்கின்னரா, ஏப் தாத்தாவா? சிம்ப்சன்ஸின் இரண்டு போர்க்கதைகள்

'தி சிம்ப்சன்ஸ்' கார்ட்டூன் தொடரில் பள்ளி முதல்வர் ஸ்கின்னர் வியட்நாமில் போரிட்டவர். கதைநாயகன் ஹோமரின் அப்பா ஏப், இரண்டாம் உலகப்போரில் சார்ஜென்ட். இந்த இருவரின் போர்க்கதைகளில் எது சிறந்த பகடி?

ஏப்பின் கதையை 1996இல் வந்த ஓர் அத்தியாயம் முழுதாகச் சொல்கிறது. போர் முடியும் தறுவாயில் அவரது படைப்பிரிவு ஜெர்மனியில் ஓவியங்களைச் சுருட்டுகிறது. கடைசிவரை உயிரோடு இருப்பவருக்கே அவை என்று ஒப்பந்தம். பழைய போர்ப்படங்களின் சாகசம்தான் இங்கே கேலிக்கு ஆளாகிறது. ஆனால் ஏப் நிஜமாகவே நல்ல தலைவர் என்பதைக் கதை மறைக்கவில்லை. வீட்டில் யாரும் காது கொடுக்காத கிழவருக்கு அது பெரிய மரியாதை.

ஸ்கின்னரை வைத்துச் செய்யும் கேலி இன்னும் நுட்பமானது. போர்க்கைதி முகாமில் மீன், இறால், தேங்காய்ப்பால், நான்கு வகை அரிசி சேர்ந்த குழம்பை மட்டுமே தின்று கிடந்ததாகக் கொடுமைபோலத் தொடங்குவார். அப்புறம்தான் தெரியும், அமெரிக்காவில் அந்த ருசி கிடைக்கவில்லை என்பதே அவருடைய ஏக்கம். வியட்நாம் படங்களின் கனத்த நினைவுக்காட்சிகளை இரண்டே வாக்கியத்தில் கவிழ்க்கிறார்கள். அவருடைய தனிமையும் அதில் தெரிகிறது, எனக்குப் பிடித்தது அதுதான்.

1997இல் அவர் வேறொரு சார்ஜென்டின் அடையாளத்தில் வாழ்பவர் என்று கதையை மாற்றியது பெரிய தவறு. ஸ்கின்னருக்குக் குரல் கொடுத்த ஹாரி ஷீரரே அதை வெளிப்படையாக எதிர்த்தார்.

பகடிக்கு ஸ்கின்னர்தான் என் தேர்வு. ஆனால் தொடருக்குப் புதியவர்கள் ஏப்பின் அத்தியாயத்தை முதலில் பார்க்கலாம், அது தனியாகவே புரியும்.