சான்டானா இசைத்தொகுப்புகள்: நெடுநாள் கேட்டவனின் குறிப்பு

கார்லோஸ் சான்டானாவின் கிதாரை எல்லோரும் புகழ்ந்தாயிற்று. 1969 முதல் வெளிவந்துகொண்டிருக்கும் அவருடைய சான்டானா ராக் குழுவின் தொகுப்புகளை ஆண்டுக்கணக்கில் திரும்பத் திரும்பக் கேட்டுவருபவன் என்ற முறையில், எது சலிக்கும், எது சலிக்காது என்பதைத் தீர்மானிப்பவை காங்காவும் (கையால் தட்டும் உயரமான முரசு) டிம்பாலியும்தான் (குச்சியால் அடிக்கும் உலோக முரசு) என்பேன்.

இன்றும் சலிக்காதது 'அப்ராக்சஸ்' (1970). அதன் புகழ்பெற்ற பாடல்கள் இரண்டுமே இரவல். ஒன்று, ஃப்ளீட்வுட் மேக் குழுவின் பீட்டர் கிரீன் எழுதியது. மற்றொன்று, நியூயார்க்கின் டிம்பாலி மேதை டிட்டோ புவென்டே இயற்றிய 'ஓயே கோமோ வா'. புவென்டேயின் பதிவில் புல்லாங்குழலும் பித்தளைக் கருவிகளும் செய்த வேலையை இங்கே குழுவின் கிரெக் ரோலி வாசிக்கும் ஹேமண்ட் ஆர்கன் என்ற மின்விசைப்பலகையும் கிதாரும் ஏற்றுக்கொள்ள, அடியில் சா-சா-சா என்ற கியூப நடனத் தாளம் மட்டும் அசையாமல் ஓடுகிறது. அந்தத் தாளத்தின் மேல் ரோலி போடும் குட்டையான ஆர்கன் வெட்டுகளுக்காகவே அப்பாடலை மறுபடி வைப்பேன்.

'காரவான்செராய்' (1972) பொறுமை கேட்கும். சுவர்க்கோழிகளின் ஒலியில் தொடங்கி, பெரும்பாலும் பாட்டில்லாமல் ஜாஸ் பக்கம் சாய்ந்து செல்லும் அதில், வானொலிக்கு ஏற்றது என்று எதுவும் இல்லை. ரோலியும் குழுவின் இன்னொரு கிதார் கலைஞர் நீல் ஷானும் அத்துடன் விலகி ஜர்னி குழுவைத் தொடங்கினர். ஆனால் கேட்கக் கேட்க வளர்ந்தது என்றால் எனக்கு இதுதான். 1973இல் ஒசாகாவில் நேரடியாகப் பதிவான 'லோட்டஸ்' இதன் நீட்சியாகவே ஒலிக்கிறது.

'சூப்பர்நேச்சுரல்' (1999) ஒன்பது கிராமி விருதுகளைக் குவித்தது. ராப் தாமஸ் பாடிய 'ஸ்மூத்' அமெரிக்கப் பாடல் தரவரிசைப் பட்டியலில் 12 வாரம் முதலிடத்தில் இருந்தது. தயாரிப்பில் குறை சொல்ல முடியாது. எனினும் விருந்தினர்கள் மாறிமாறி முன்னே நிற்க, தாளக்காரர்கள் பின்வரிசைக்குப் போய்விட்டதால், மெக்சிகோவின் மனா குழுவுடன் சேர்ந்த பாடலைத் தவிர வேறெதையும் நான் இப்போது தேடிப் போவதில்லை. அதே பாணியில் வந்த 'ஷமன்', 'ஆல் தட் ஐ ஆம்' இரண்டும் (ரசிகர்கள் பொறுத்தருள்க) ஒருமுறைக்கு மேல் தாங்கவில்லை.

பழைய கூட்டாளிகள் மீண்டும் கூடிய 'சான்டானா IV' (2016) மகிழ்ச்சி தந்தது என்றாலும், ரிக் ரூபின் தயாரிப்பில் ஸ்பெயினின் பூய்கா பாடிய 'ஆஃப்ரிக்கா ஸ்பீக்ஸ்' (2019) அதைவிட வலியது. அவருடைய கரகரத்த குரலுக்கு ஈடுகொடுத்துத் தாளம் மறுபடி முன்னுக்கு வருகிறது.

புதிதாகத் தொடங்குபவர்கள் கைப்பேசியின் சிறு ஒலிபெருக்கியை நம்ப வேண்டாம். காங்காவின் அடிநாதம் அதில் கரைந்துபோய், கிதார் மட்டுமே மிஞ்சும்.