30 லட்சம் வீட்டுக் கடன், பதினொன்றரை வருடம் கட்டிய பிறகு எழுதுவது

2014 ஜூலையில் வாங்கிய கடன். சென்னை மாடம்பாக்கத்தில் 900 சதுர அடியில் இரண்டு படுக்கையறை ஃபிளாட், கடன் 30 லட்சம், 20 வருடம், வட்டி 10.15 சதவீதம், மாதம் 29,249 ரூபாய். அப்போது வீட்டில் எல்லோரும் கேட்டது ஒரே கேள்விதான், "மாசம் எவ்வளவு வரும்?" அப்பா கேட்டார், மாமனார் கேட்டார், ஆபீஸில் கேட்டார்கள், நானும் வங்கியில் அதைத்தான் கேட்டேன். சம்பளத்தில் அது போக என்ன நிற்கும் என்று கணக்குப் போட்டோம், சமாளிக்கலாம் என்று தெரிந்ததும் கையெழுத்துப் போட்டோம். 29,249ஐ 240ஆல் யாரும் பெருக்கிப் பார்க்கவில்லை. பெருக்கினால் 70 லட்சத்து 20 ஆயிரம் வருகிறது. அதாவது 30 லட்சம் வாங்கி, அதற்கு மேல் 40 லட்சம் வட்டி.

முதல் தவணை போன மாதத்து ஸ்டேட்மென்ட் இன்னும் என்னிடம் இருக்கிறது. 29,249ல் வட்டிக்குப் போனது 25,375, அசலுக்குப் போனது 3,874. இதில் ஏமாற்று எதுவும் இல்லை, மீதி இருக்கும் அசலுக்குத்தான் ஒவ்வொரு மாதமும் வட்டி, முதல் மாதம் முழு 30 லட்சமும் மீதி இருந்தது, அவ்வளவுதான் கணக்கு. ஆனால் அதன் விளைவு என்னவென்றால் முதல் வருடம் மூன்றரை லட்சம் கட்டி முடித்தபோது கடன் குறைந்தது 48,700 ரூபாய்தான். இதே வட்டி இருபது வருடமும் மாறாமல் இருந்திருந்தால், தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவதே 159வது மாதத்தில்தான், 30 லட்சம் பாதியாகி 15 லட்சத்துக்கு வருவது 173வது மாதத்தில். பதினான்கு வருடத்துக்கு மேல் கட்டினால்தான் பாதிக் கடன் தீரும்! கடன் வாங்கப் போகிறவர்கள் வங்கியில் அந்த முழுத் தவணை அட்டவணையை, 240 வரியையும், அச்செடுத்துக் கேட்டு வாங்கி ஒரு முறை விரலை வைத்து மேலிருந்து கீழே படித்துவிடுங்கள்.

ஆரம்பச் செலவுகளைச் சீக்கிரம் சொல்லிவிடுகிறேன். பத்திரங்களை வங்கியில் ஒப்படைக்கும் எம்.ஓ.டி. பதிவுக்குக் கடன் தொகையில் அரை சதவீதம், எனக்கு 15,000, அதற்கு மேல் பதிவுக் கட்டணம். வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர், வங்கியின் பரிசீலனைக் கட்டணம் எல்லாம் தனித்தனி. இன்று தமிழ்நாட்டில் வாங்குபவருக்குப் பொதுவாகக் கிரயப் பத்திரத்துக்கே 7 சதவீதம் முத்திரைத் தீர்வையும் 2 சதவீதம் பதிவுக் கட்டணமும் ஆகும், அதைக் கையிலிருந்துதான் போட வேண்டும். இவையாவது கண்ணுக்குத் தெரிகிற செலவு. எனக்கு மிகவும் உறுத்தியது காப்பீடு. கடனுக்கான ஆயுள் காப்பீடு என்று 68,000 ரூபாய் ஒரே பிரீமியத்தைக் கடனுக்குள்ளேயே சேர்த்துவிட்டார்கள், "சார், இது தனியா கட்ட வேண்டாம், லோன்லயே போயிடும்" என்றார்கள், நானும் சரி என்றேன். கடனில் சேர்ந்த ஒவ்வொரு ரூபாய்க்கும் இருபது வருடத்தில் 2 ரூபாய் 34 காசு கட்ட வேண்டும் என்று பார்த்தால் அந்தப் பிரீமியத்தின் உண்மையான விலை ஒன்றரை லட்சத்துக்கு மேல். குடும்பம் இருக்கிறவருக்குக் காப்பீடு கட்டாயம் வேண்டும், அதில் மாற்றுக் கருத்தில்லை. ஆனால் வருடா வருடம் கட்டுகிற சாதாரண டெர்ம் பாலிசியாகத் தனியே எடுங்கள், கடனுக்குள் சேர்க்க விடாதீர்கள்.

வரி மிச்சமாகும் என்று சொல்வார்கள். நான் கடன் வாங்கிய அதே ஜூலையில் வந்த பட்ஜெட்டில்தான் வட்டிக்கான கழிவை ஒன்றரை லட்சத்திலிருந்து 2 லட்சமாக உயர்த்தினார்கள். முதல் வருடம் என் வட்டி 3 லட்சத்துக்கு மேல், கழிவு 2 லட்சத்துக்குத்தான், 20 சதவீத வரம்பில் இருந்ததால் எனக்கு மிஞ்சியது நாற்பதாயிரம் சொச்சம். இப்போது புதிய வரி முறைக்குப் போனால் குடியிருக்கும் வீட்டுக்கு அந்தக் கழிவும் கிடையாது. வரியை நம்பிக் கடனைப் பெரிதாக்காதீர்கள்.

சரி, முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். மாறும் வட்டிக் கடன் என்றால், வட்டி இறங்கும்போது நமக்கும் இறங்கும் என்று நினைத்திருந்தேன். என் கடன் 'பேஸ் ரேட்' முறையில், அதாவது வங்கி தானே நிர்ணயிக்கும் அடிப்படை வட்டியோடு இணைந்து, இருந்தது. 2016 ஏப்ரலில், வங்கி பணம் திரட்டும் செலவை வைத்து வட்டியைக் கணக்கிடும் எம்.சி.எல்.ஆர். என்று புது முறை வந்தது, ஆனால் பழைய கடன்கள் தாமாக அதற்கு மாறாது. 2017ல் என்னோடு வேலை பார்க்கிற நண்பர் அதே வங்கியில் 8.65க்குக் கடன் வாங்கினார், அப்போது நான் கட்டிக்கொண்டிருந்தது 9.6. மூன்று வருடம் ஒழுங்காகக் கட்டியவனுக்கு அதிகம், நேற்று வந்தவருக்குக் குறைவு. கிளையில் போய்க் கேட்டபோது, எழுதிக் கொடுத்தால் மாற்றித் தருவோம், மாற்றுக் கட்டணம் அரை சதவீதம் என்றார்கள். ஜி.எஸ்.டி.யோடு பதினாறாயிரத்துச் சொச்சம் கட்டினேன். 28 லட்சம் நிலுவைக்கு ஒரு சதவீதம் குறைந்தால் வருடத்துக்கு 28,000, ஏழெட்டு மாதத்தில் போட்ட பணம் வந்துவிட்டது. ஆனால் நான் கேட்கும் வரை யாரும் சொல்லவில்லை, கேட்காமலே இருக்கிறவர்கள் எத்தனை பேரோ என்று அன்று வீட்டுக்கு வரும் வழியெல்லாம் நினைத்துக்கொண்டே வந்தேன்.

2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் புதிய வீட்டுக் கடன்களை வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரெப்போவோடு (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி விகிதம்), இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி சொன்னது. கொரோனா வந்து 2020 மே மாதம் ரெப்போ 4 சதவீதத்துக்கு இறங்கியது. நவம்பரில் நானும் எழுதிக் கொடுத்து மாறினேன், ரெப்போவுக்கு மேல் 3 சதவீதம், ஆக 7. அதுவரை 75 தவணை, கிட்டத்தட்ட 22 லட்சம் கட்டியிருந்தேன், நிலுவை 24 லட்சத்துப் பத்தாயிரம். இங்கேதான் பெரிய தவறு நடந்தது. வட்டி குறைந்ததால் தவணையைக் குறைக்கட்டுமா என்று கேட்டார்கள். மீதி 165 மாதம் அப்படியே இருக்க, தவணை 22,785 ஆனது. மாதம் ஆறாயிரத்துச் சொச்சம் மிச்சம் என்று சந்தோஷப்பட்டோம், அந்த வருடம் சம்பளமும் வெட்டியிருந்தார்கள், அதனால் அப்போது அது பெரிய ஆறுதலாகத்தான் இருந்தது. சம்பளம் திரும்பி வந்ததும் தவணையைப் பழையபடி ஏற்றியிருக்க வேண்டும். ஏற்றவில்லை.

2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரெப்போ 4லிருந்து 6.5க்குப் போனது. செய்தியில் பார்த்தேன். என் கணக்கிலிருந்து மாதா மாதம் அதே 22,785தான் போனது, அதனால் நமக்கு ஒன்றும் ஆகவில்லை என்று இருந்துவிட்டேன். 2023 மே மாதம் மகனின் பள்ளிக் கட்டணத்துக்காக ஏதோ பார்க்கப் போய், செயலியில் கடன் பக்கத்தைத் திறந்தேன். வட்டி 9.5. மீதித் தவணை 175. கணக்குப்படி அந்த மாதம் 134 இருக்க வேண்டும். திரையை மூடி மறுபடி திறந்து பார்த்தேன், 175தான்.

மறுநாள் கிளைக்குப் போனேன். அங்கிருந்த மேடம் பொறுமையாகத் திரையை என் பக்கம் திருப்பிக் காட்டினார். "ரெப்போ ஏறிடுச்சு சார். உங்க இ.எம்.ஐ. ஏறக் கூடாதுன்னு சிஸ்டமே டெனரை, அதாவது கடன் காலத்தை, நீட்டிடும். இ.எம்.ஐ. ஏறல இல்ல?" என்றார். அவர் சொன்னது உண்மை. ஏறவில்லைதான். 2034 ஜூலையில் முடிய வேண்டிய கடன் 2037 டிசம்பருக்குப் போயிருந்தது, அவ்வளவுதான். அந்த வருடம் எனக்கு 58, ஓய்வு பெறுகிற வயது. கூடுதலான 41 தவணைக்கு 9 லட்சத்துக்கு மேல். அன்று வரை நான் கட்டியிருந்தது 29 லட்சம், வாங்கியது 30 லட்சம், நிலுவை இன்னும் இருபத்தொன்றரை லட்சம். மாதம் கட்டிய 22,785ல் 17,000 வட்டிக்கே போய்க்கொண்டிருந்தது.

வீட்டுக்கு வந்து மனைவியும் நானும் உட்கார்ந்து கணக்குப் போட்டோம். 2020ல் தவணையைக் குறைக்காமல் 29,249ஐயே விட்டிருந்தால் அன்றைக்கு மீதி 94 தவணைதான் இருந்திருக்கும். அந்த முப்பத்தொரு மாதத்தில் கையில் மிஞ்சிய 2 லட்சத்தைக் கழித்துப் பார்த்தாலும் பத்து லட்சத்துக்கு மேல் வித்தியாசம். மனைவி தினசரிக் காலண்டர் அட்டையின் பின்பக்கத்தில் பேனாவால் 175 என்று எழுதி, பக்கத்தில் தேதியும் போட்டாள். அன்றிலிருந்து மூன்று மாதத்துக்கு ஒரு முறை அந்த எண்ணை எழுதுகிறோம், புது வருடக் காலண்டர் வந்தாலும் பழைய அட்டையைத் தூக்கிப் போடுவதில்லை.

அதே 2023 ஆகஸ்ட் 18ல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் சேர்த்தா என்று கடன்தாரரிடம் கேட்க வேண்டும், ஒவ்வொரு காலாண்டு முடிவிலும் இதுவரை பிடித்த அசல், வட்டி, தவணைத் தொகை, மீதித் தவணை எண்ணிக்கை எல்லாம் தெரியும்படி ஸ்டேட்மென்ட் தர வேண்டும். பழைய கடன்களுக்கும் அந்த டிசம்பருக்குள் இதைச் செய்யச் சொல்லியிருந்தார்கள். அதைச் சொல்லி எழுதிக் கொடுத்து 2024 ஜனவரி முதல் தவணையை 30,000 ஆக்கினேன். மாதம் 7,215 கூடுதல். 168 தவணை 103 ஆனது, மொத்தத்தில் 7 லட்சத்துக்கு மேல் குறைவு. கையெழுத்துப் போட்டுக் கொடுக்க ஆன நேரம் பத்து நிமிடம்.

அப்புறம் 2024 ஜூனில் ஒரு சீட்டுப் பணம் வந்தது, 3 லட்சம். காரை மாற்றலாமா என்ற பேச்சு வீட்டில் ஓடியது, கடைசியில் அசலில் கட்டினோம். மாறும் வட்டியில் தனிநபர் எடுத்த வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்ட அபராதம் கிடையாது, வங்கிகளுக்கு 2012லிருந்தே அந்த விதி இருக்கிறது. கட்டும்போது ஒன்றை மட்டும் கவனியுங்கள், தவணைத் தொகையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று எழுத்திலேயே கொடுங்கள். 97 தவணை 77 ஆனது. இருபது தவணை குறைந்தது, ஒன்றுக்கு 30,000 வீதம் 6 லட்சம். 3 லட்சத்துக்கு 6 லட்சம்! அட்டையில் 97ஐ அடித்து 77 என்று எழுதிய அன்று அம்மா கேசரி கிண்டினார்.

2025ல் ரெப்போ படிப்படியாக இறங்கி டிசம்பரில் 5.25க்கு வந்தது, என் வட்டி இந்த ஜனவரி முதல் 8.25. இந்த முறை தவணையைத் தொடவில்லை, 30,000தான். நிலுவை 14 லட்சம், மீதி 56 தவணை, முடிவது 2030 செப்டம்பர். இதுவரை கட்டியது 41 லட்சத்து 10 ஆயிரம், இப்படியே போனால் மொத்தம் 57 லட்சத்து 90 ஆயிரத்தில் முடியும். 2023ல் பார்க்காமல் விட்டிருந்தால் 69 லட்சத்தை எட்டியிருக்கும்.

வீடு வாங்கியதில் எனக்கு வருத்தமில்லை, மகன் வளர்ந்த வீடு இது, அம்மா மொட்டை மாடியில் வடகம் போடுகிற வீடு. விலையைத் தெரிந்துகொண்டு வாங்கியிருக்கலாம் என்பதுதான் என் ஆதங்கம்.

இப்போது மீதி இருக்கும் விஷயம் ரெப்போவுக்கு மேல் வங்கி வைத்திருக்கும் அந்த 3 சதவீதம். புதிதாக வாங்குகிறவர்களுக்கு ஏழரைக்குப் பக்கத்தில் கிடைக்கிறது, எனக்கு எட்டேகால். வேறு வங்கிக்கு மாற்றினால் மறுபடி எம்.ஓ.டி., வக்கீல், கட்டணம் எல்லாம் புதிதாக வரும், என் நிலுவைக்கும் மீதிக் காலத்துக்கும் மொத்தமாகவே இருபத்தைந்தாயிரம்தான் மிச்சமாகும், அதில் பாதிக்கு மேல் செலவிலேயே போய்விடும். 25 லட்சம் நிலுவையும் பதினைந்து வருடமும் மீதி இருப்பவர் கட்டாயம் மாற்றிப் பார்க்க வேண்டும், எனக்குக் கட்டுப்படியாகாது. அதனால் இருக்கிற வங்கியிலேயே அந்த மூன்றைக் குறைக்கச் சொல்லிக் கடிதம் கொடுத்திருக்கிறேன், நகலில் முத்திரை வாங்கி வைத்திருக்கிறேன். மூன்று வாரம் ஆகிறது, பதில் இன்னும் வரவில்லை. திங்கட்கிழமை மறுபடி போகிறேன்.