மூத்த பெண்களின் கதைகளோடு பத்து வருடம்

2015-ல் 'கிரேஸ் அண்ட் ஃபிராங்கி' தொடரின் முதல் சீசன் வந்தபோது எனக்கு 46 வயது. இரண்டு கணவர்களும் ஒருவரையொருவர் காதலித்துச் சேர்ந்து போய்விட, எழுபதை ஒட்டிய இரண்டு மனைவிகளும் ஒரே வீட்டில் மாட்டிக்கொள்ளும் கதை. சிரிக்கலாம் என்றுதான் உட்கார்ந்தேன். 2022-ல் 94-வது எபிசோடோடு முடிந்தது. முழுசாக இரண்டு முறை பார்த்தாயிற்று.

அந்த இரண்டு முறைக்கும் நடுவே என் முதுகு போய்விட்டது. மூன்றாவது சீசனில் இருவருக்கும் முதுகு பிடித்துக்கொண்டு, தரையிலிருந்து எழ முடியாமல் கிடக்கும் எபிசோடு ஒன்று உண்டு. முதல் தடவை விழுந்து விழுந்து சிரித்தேன். இரண்டாம் தடவை வசனமே காதில் ஏறவில்லை. எதைப் பிடித்து எழப்போகிறார்கள் என்று மேசை நாற்காலிகளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்புறம் பழைய படங்களைப் பார்க்கும் கண்ணும் மாறிவிட்டது. 1967-ல் வந்த 'தி கிராஜுவேட்' படத்தில், இளைஞனை வளைக்கும் நடுவயதுப் பெண்ணாக ஆன் பான்கிராஃப்ட் வருகிறார். நிஜத்தில் அவர் அந்த இளைஞனாக நடித்த டஸ்டின் ஹாஃப்மனைவிட முழுதாக ஆறு வயதுகூட மூத்தவர் இல்லை! 1959-ன் 'நார்த் பை நார்த்வெஸ்ட்' இன்னும் மோசம்: கேரி கிராண்டுக்கும் அவருக்கு அம்மாவாக நடித்தவருக்கும் ஏழு வயதுதான் வித்தியாசம்.

சரி, இன்று நிலைமை தேவலை. ஆனால் 'கிரேஸ் அண்ட் ஃபிராங்கி'யிலேயே எனக்கு ஒரு மனக்குறை. கடற்கரையில் வீடு, பணத்துக்கும் பெரிதாகப் பஞ்சமில்லை. மூட்டுவலி வரும், இந்த மாதம் எந்த மாத்திரையை வாங்காமல் தள்ளிப்போடலாம் என்ற கணக்கு வராது. அந்த மாதிரிக் கணக்கை 2020-ன் 'நோமேட்லேண்ட்'டில்தான் பார்த்தேன். வேனிலேயே குடியிருந்து, கிடைத்த வேலைக்கெல்லாம் ஊர் ஊராகப் போகும் அறுபது வயதுப் பெண். பிரான்சிஸ் மெக்டார்மண்ட் தன் முகச் சுருக்கங்களோடு அப்படியே நடித்து, 63 வயதில் ஆஸ்கர் வாங்கினார்.

கெட்ட வார்த்தை பேசி பைக் ஓட்டும் 'ஜாலி பாட்டி'களை நான் இந்த மாற்றத்தில் சேர்க்கமாட்டேன். அதுவும் பேரன் பேத்தி கதைக்கு ஊறுகாய்தான். யாருக்காகவும் எதுவும் செய்யாமல் அந்தப் பெண் தனியாக இருக்கும் காட்சி ஒன்றாவது வருகிறதா என்று பார்ப்பேன். பெரும்பாலானவை அங்கேயே விழுந்துவிடும்.

இப்போது மூன்றாம் சுற்று தொடங்கியிருக்கிறேன், சப்டைட்டில் எழுத்தைப் பெரிதாக்கிக்கொண்டு. டிவியில் அந்த வசதி எங்கே ஒளிந்திருக்கிறது என்று கண்டுபிடிக்கவே அரை மணி நேரம் ஆனது.