செயற்கை மூட்டு பழுதின் பின்விளைவு: ஏ, டி, எஸ், இசட் குறியீடுகளில் எது எப்போது?

செயற்கை மூட்டு தளர்வது, இதய முடுக்கியின் கம்பி முறிவது, மார்பக உள்வைப்பு கிழிவது போன்றவற்றுக்கான குறியீடு நோய்களைப் பதிவுசெய்ய அமெரிக்கா பயன்படுத்தும் ஐசிடி-10-சிஎம் குறியீட்டுத் தொகுப்பின் டி82 முதல் டி85 வரையிலான (எண்ணுக்கு முன் வரும் டி ஆங்கில T) பிரிவுகளில் பெரும்பாலும் கிடைத்துவிடும். அமெரிக்க மருத்துவமனைகள் 2015 அக்டோபர் 1 முதல் இந்தத் தொகுப்பைப் பயன்படுத்தி வருகின்றன. மருத்துவப் பதிவுகளுக்குக் குறியீடு எழுதும் கோடர்களுக்குள் கருத்து வேறுபாடு எழுவது பிரிவைத் தேர்வதில் அன்று, குறியீட்டின் ஏழாவது எழுத்தில்தான். பழுது நேர்ந்து காலம் கடந்த பிறகு வரும் நோயாளிக்கு நான்கு வழிகள் போட்டியிடுகின்றன: நேரடிச் சிகிச்சையைக் குறிக்கும் ஏ, குணமடையும் கட்டத்தைக் குறிக்கும் டி (ஆங்கில D), பழுது முடிந்த பின்னும் தங்கும் பின்விளைவைக் குறிக்கும் எஸ், இவை எதுவுமின்றி நிலையை மட்டும் சொல்லும் இசட் குறியீடு.

இவற்றுள் அதிகம் தவறாகப் பயன்படுவது எஸ் என்பது என் கருத்து. பழைய சங்கதி என்று தோன்றினாலே எஸ் போட்டுவிடும் பழக்கம் பரவலாக உள்ளது. பதினைந்து ஆண்டுகளுக்கு முன் பொருத்திய வலது இடுப்பு மூட்டு இப்போது தளர்ந்து, அதை மாற்றும் அறுவைக்காக நோயாளி அனுமதிக்கப்படுகிறார் என்று வைத்துக்கொள்வோம். மூட்டுக்குப் பதினைந்து வயது, ஆனால் தளர்வு இன்றைய நோய். இன்று சிகிச்சை பெறுவதும் அந்தத் தளர்வுதான். எனவே டி84.030ஏ என்பதே சரி. கருவி முந்தைய சந்திப்பில் பொருத்தப்பட்டிருந்தாலும், குறியீடு விவரிக்கும் அந்தச் சிக்கலுக்கு நேரடிச் சிகிச்சை நடக்கும்வரை ஏ எழுத்தே பொருந்தும் என்று அதிகாரபூர்வ வழிகாட்டு நெறிகள் சொல்கின்றன. அவை அங்கே எடுத்துக்காட்டாகக் கொடுப்பதும் செயற்கை மூட்டில் வரும் தொற்றுக்கான டி84.50எக்ஸ்ஏ குறியீட்டைத்தான் (இதில் எக்ஸ் வெற்றிடத்தை நிரப்பும் எழுத்து மட்டுமே).

டி எழுத்தைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. தளர்ந்த மூட்டை மாற்றிய பின், காயம் ஆறுகிறதா என்று பார்க்கும் வழக்கமான தொடர் சந்திப்புகளுக்கு அது உரியது. நோயாளி குணமாகிக்கொண்டிருக்கிறார் என்பதே அதன் பொருள். குணமாகாமல் நின்றுபோன ஒன்றுக்கு அது பொருந்தாது.

எஸ் தனக்குரிய இடத்தில் நன்றாகவே பொருந்துகிறது. வலது இடுப்புச் செயற்கை மூட்டு விலகியதில் இடுப்பு நரம்பு நசுங்கி, மூட்டைச் சரிசெய்த பின்னும் வலது பாதத்தை மேலே தூக்க முடியாத ஃபுட் டிராப் நிலைத்துவிட்ட ஒருவரை எடுத்துக்கொள்வோம். இப்போது அவர் காலுக்கு ஆதரவுப் பட்டை வாங்க வருகிறார். விலகல் முடிந்துபோன சம்பவம், பாதத் தொய்வோ நிற்கும் குறை. இங்கே இரண்டு குறியீடுகள் வேண்டும். முதலில் தங்கிவிட்ட குறையான எம்21.371, அதன்பின் காரணமான டி84.020எஸ். எஸ் எழுத்து காரணக் குறியீட்டோடு மட்டுமே சேரும். குறையைச் சொல்லும் குறியீட்டில் அது வராது. வரிசையை மாற்றிப் போட்டால் நோயாளி எதற்காக வந்தார் என்பதே பதிவில் தலைகீழாகிவிடும். அதே பழுதின் முனைப்பான கட்டத்துக்கான குறியீட்டையும் அதன் பின்விளைவுக் குறியீட்டையும் ஒருசேரப் போடவும் கூடாது.

இந்த எடுத்துக்காட்டில் ஒரு நுணுக்கம் உண்டு. நரம்பு நசுங்கியது மூட்டு விலகியபோதா, அல்லது அதைச் சரிசெய்த அறுவையின்போதா? முன்னதென்றால் மேற்சொன்ன இணை பொருந்தும். பின்னதென்றால் அது கருவியின் பழுதால் வந்ததன்று, அறுவையின் சிக்கல். தேட வேண்டிய இடமே வேறு. "வலது இடுப்பு மூட்டு மாற்று அறுவைக்குப் பிந்தைய ஃபுட் டிராப்" என்று மருத்துவர் எழுதியிருந்தால் அந்த வரியை வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது. "பிந்தைய" என்ற சொல் காலத்தைச் சொல்கிறதே தவிர, காரணத்தைச் சொல்லவில்லை. மருத்துவ கவனிப்புக்குப் பின் வரும் எல்லா நிலைகளும் சிக்கல்கள் ஆகா. காரண-விளைவுத் தொடர்பை மருத்துவரின் பதிவு ஆதரிக்க வேண்டும் என்பது விதி. ஆகவே கோடர் ஊகிக்காமல் மருத்துவரிடம் விளக்கம் கேட்டு எழுதுவதே முறை.

எஸ் போலத் தோன்றி எஸ் ஆகாத இரண்டு நிலைகளையும் இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டும். மார்பக உள்வைப்பைச் சுற்றி மெல்ல மெல்ல உருவாகும் இறுகிய உறைச் சுருக்கம், வரும் வேகத்தைப் பார்த்தால் பின்விளைவு போலவே இருக்கும். ஆனால் தொகுப்பு அதற்கு டி85.44 என்று தனிக் குறியீடே கொடுத்து, அதையும் ஒரு சிக்கலாகவே கருதுகிறது. சிகிச்சைக்கு வந்தால் டி85.44எக்ஸ்ஏ. அடுத்தது, எலும்பில் பொருத்திய கருவி உடலில் இருக்கும்போதே அதனால் நீடிக்கும் வலி. நாட்பட்ட வலி என்றதும் கை எஸ் பக்கம் போகும். வழிகாட்டு நெறிகளின்படி முதலில் டி84.84எக்ஸ்ஏ, கூடுதலாக அறுவைக்குப் பிந்தைய நாட்பட்ட வலிக்கான ஜி89.28. கருவி இன்னும் உள்ளே இருந்து வலியைத் தந்துகொண்டிருக்கும்போது காரணம் முடிந்துவிட்டது என்று எப்படிச் சொல்ல முடியும்?

இந்த ஏழாவது எழுத்து முறையை மற்ற இரண்டு தொகுப்புகளுடன் ஒப்பிட்டால்தான் அதன் அருமை புரியும். உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 தொகுப்பில் அறுவை, மருத்துவச் சிகிச்சை ஆகியவற்றின் சிக்கல்களால் வரும் பின்விளைவுகள் அனைத்துக்கும் டி98.3 என்ற ஒரே பெட்டிதான். இடுப்பா முழங்காலா, வலமா இடமா, விலகலா முறிவா என்று எதுவும் அதில் தெரியாது. அமெரிக்காவில் முன்பு இருந்த ஐசிடி-9-சிஎம் தொகுப்பின் 909.3 குறியீடும் இதே குறையுடையது. இதற்கு மாறாக டி84.020எஸ் என்ற ஒரே குறியீடு உறுப்பு, பக்கம், பழுதின் வகை மூன்றையும் காப்பாற்றி வைக்கிறது. குறிப்பிட்ட வகை மூட்டு பின்னாளில் என்ன தீங்கு செய்தது என்று ஆராய விரும்புவோருக்கு இது பேருதவி. காலக் கணக்கிலும் வேறுபாடு உண்டு. காயங்களின் பின்விளைவுகளுக்கான டி90 முதல் டி98 வரையிலான பகுதியில், ஓராண்டு அல்லது அதற்கு மேல் நீடிப்பவையும் பின்விளைவே என்று உலக சுகாதார நிறுவனம் வரையறுக்கிறது. ஐசிடி-10-சிஎம்மில் அப்படியொரு காலவரம்பே கிடையாது. பழுது அடங்கிய சில வாரங்களிலும் பின்விளைவு இருக்கலாம், பல ஆண்டுகளுக்குப் பின்னும் இருக்கலாம். ஓராண்டு விதியை மனத்தில் வைத்துக்கொண்டு ஐசிடி-10-சிஎம்மில் வேலை செய்பவர்களிடம்தான் எஸ் மிகுதியாகத் தவறுகிறது என்று நினைக்கிறேன்.

கடைசியாக இசட் குறியீடுகள். வலது இடுப்புச் செயற்கை மூட்டு பழுதின்றி இருப்பவருக்கு இசட்96.641 போதும், பழுதால் குறை தங்கியவருக்கு அதை மட்டும் எழுதினால் அந்தப் பழுதே நடக்காதது போல ஆகிவிடும். ஆனால் தொற்றுக்காக வலது இடுப்பு மூட்டைக் கழற்றியவர்களிடம் இசட் குறியீடுகளுக்கு முக்கிய இடம் வருகிறது. தொற்று தீர்ந்து, புதிய மூட்டைப் பொருத்த நோயாளி திரும்பி வரும்போது இசட்47.32 எழுதப்படுகிறது. புதிய மூட்டு வைக்காமலே காலம் தள்ளுபவர், கால் குட்டையானதற்காக வந்தால், அந்த நீள வேறுபாடு தொற்றின் விளைவு என்று மருத்துவர் எழுதியிருக்கும் பட்சத்தில், எம்21.751 முதலிலும் டி84.51எக்ஸ்எஸ் அடுத்தும், மூட்டு இல்லாத நிலையைச் சொல்ல இசட்89.621 கடைசியிலும் வரலாம். இசட்47.32, இசட்89.621 இரண்டையும் ஒரே சந்திப்பில் சேர்த்து எழுதத் தொகுப்பு அனுமதிப்பதில்லை; இசட்47.32-இன் கீழேயே அந்த விலக்குக் குறிப்பு உள்ளது.