கழன்ற பல்லை எதில் போட்டுக் கொண்டுபோவது: பாலா, இளநீரா, சேலைனா?

முதலிலேயே சொல்லிவிடலாம்: வன்னியில் என் வாக்கு பாலுக்குத்தான். துணுக்காயிலோ ஒட்டுசுட்டானிலோ மோட்டார் சைக்கிள் சறுக்கி, அல்லது கிரிக்கெட் பந்து பட்டு, முன்பல் ஒன்று வேரோடு கழன்றால் பல் வைத்தியர் உள்ள ஆஸ்பத்திரிக்குப் போய்ச்சேர நேரம் எடுக்கும். அந்த நேரம் முழுக்கப் பல் எதற்குள் கிடந்தது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. (பாற்பல் என்றால் இந்தப் பேச்சே இல்லை. அதைத் திருப்பி வைத்தால் உள்ளே வளரும் நிரந்தரப் பல்லின் அரும்பு பழுதாகலாம்.)

வழியில் கெடுவது வேரைச் சுற்றியுள்ள மெல்லிய படலம். பல் எலும்போடு நேரே ஒட்டியிருப்பதில்லை. இரண்டுக்கும் நடுவே சுமார் 0.2 மில்லிமீற்றர் இடைவெளி. அதன் குறுக்கே கொலாஜன் நார்கள். ஒரு முனை வேரை மூடியிருக்கும் பற்காரையிலும் மறுமுனை தாடையெலும்பிலும் புதைந்திருக்கும். புதைந்த அந்த முனைகளுக்கு, 1846 இல் அவற்றை விவரித்த ஸ்கொட்லாந்து உடற்கூற்றியலாளர் வில்லியம் ஷார்பியின் பெயர். தசைநாண் எலும்பைப் பிடித்திருப்பதும் இத்தகைய நார்களால்தான்.

பல் கழலும்போது நார்கள் நடுவில் அறுகின்றன. ஒரு பாதி வேரிலேயே தங்கும். நாரைத் திரும்ப நெய்யக்கூடிய உயிரணுக்களும் அதோடு இருக்கும். அவை தப்பினால் பல்லை மீண்டும் நார் பிடிக்கும். செத்தால் எலும்பு நேரே வேரில் ஒட்டி, வருடக்கணக்கில் வேரைக் கரைத்து அந்த இடத்தை எலும்பாக்கிவிடும். வளரும் பிள்ளைக்கு இன்னொரு கரைச்சலும் உண்டு: பக்கத்து மேற்பற்கள் இறங்கிவர, இது மட்டும் மேலேயே நின்றுவிடும்.

காய்ந்தபடி 60 நிமிடம் கிடந்தால் அந்த உயிரணுக்கள் தப்புவது அரிது. ஆகவே லேஞ்சியில் சுற்றிச் சட்டைப்பையில் போடுவதுதான் எல்லாவற்றிலும் மோசம். தண்ணீர் அதைவிடச் சற்றே மேல், அவ்வளவுதான். கிணற்று நீரில் கரைந்துள்ள உப்பு முதலியவற்றின் செறிவு உயிரணுவின் உட்செறிவைவிட மிகக் குறைவு. நீர் உள்ளே ஏற, உயிரணு ஊதி வெடிக்கும். உவர்க்கிணறு என்றாலும் பெரும்பாலும் இதே கதைதான்.

பால் வெல்வது இந்தச் செறிவில்தான். அதை அளக்கும் அலகு மில்லிஒஸ்மோல்: குருதி 280 முதல் 300. பால் ஏறக்குறைய 270. புளிப்பைக் காட்டும் பிஎச் 6.5க்கு மேல் (7 நடுநிலை, குறையக் குறையப் புளிப்பு கூடும்), போதாததற்கு ஊட்டமும் உண்டு. குளிர்ந்த பாலில் சில மணித்தியாலம் தாங்கும். காய்ச்சி ஆறவைத்த பசும்பாலோ, கடைப் பைக்கற் பாலோ போதும். போத்தலைச் சுற்றி ஐஸ் வைக்கலாம், பாலுக்குள் போடக்கூடாது. தயிர், மோர், சீனி போட்ட பால், வாசனைப் பால் எதுவும் சரிவராது, முதலிரண்டும் புளிப்பு. வீட்டில் பால்மா மட்டும்தான் என்றால் சீனி சேர்க்காமல், ஆறிய நீரில் வழமையான அளவுக்குக் கரைக்கலாம். அதில் நடந்த சோதனை குறைவு, ஆனாலும் வெறும் தண்ணீரைவிட அதையே எடுப்பேன்.

சேலைனில் செறிவு சரி. ஊட்டம் இல்லை, பிஎச்சும் 5.5 அளவில்தான். பக்கத்து மருந்தகத்தில் கிடைத்தால் குறுகிய தூரத்துக்குப் போதும். எதுவுமே இல்லையா? ரம்ளரில் காயப்பட்டவரையே துப்பச் சொல்லி அந்த உமிழ்நீரில் போடுங்கள்.

இளநீர் எல்லோருக்கும் பிடித்த யோசனை. முற்றத்திலேயே இருக்கிறது, ஓட்டுக்குள் சுத்தமாகவும் இருக்கிறது. ஆனால் பிஎச் 5 அளவு. ஆய்வுகூடங்களில் அதைப் பாலுக்கு மேலே வைத்தவர்களும் உண்டு, நன்றாகக் கீழே வைத்தவர்களும் உண்டு. முடிவு இப்படி ஆடும்போது அதற்காக மரம் ஏறி நேரத்தைத் தொலைக்க வேண்டாம்.

இவை எல்லாவற்றையும்விட மேலான இடம், பல் இருந்த குழிதான். ஆள் நினைவோடு இருந்து, தாடை உடையாவிட்டால் அங்கேயே திருப்பி வையுங்கள். வெள்ளைப் பகுதியில் பிடியுங்கள், வேரைத் தொட வேண்டாம். மண் பட்டிருந்தால் பாலிலோ சேலைனிலோ அலசுங்கள். குழாய்த் தண்ணீர் என்றால் ஒரு கணம் மட்டும். தேய்த்தால் நாரும் உயிரணுவும் சேர்ந்தே போகும். டெற்றோல், சவர்க்காரம் கிட்டவும் வரக்கூடாது. மெதுவாக அழுத்தி வைத்து, சுத்தமான துணியைக் கடிக்கச் சொல்லுங்கள்.

ஆஸ்பத்திரியில் 0.4 மில்லிமீற்றர் வரை தடிப்புள்ள வளையும் கம்பியால் பக்கத்துப் பற்களோடு 2 வாரம் கட்டுவார்கள். பல் கொஞ்சம் ஆடுகிறதே என்று இறுக்கச் சொல்லாதீர்கள்: அந்தச் சிறு அசைவு இருந்தால்தான் நார் நாராகவே ஆறும். வேர் வளர்ந்து முடிந்து நுனி மூடிய பல்லுக்கு அந்த 2 வாரத்துக்குள் வேர்ச்சிகிச்சை தொடங்க வேண்டும். ஏற்பு (டெட்டனஸ்) தடுப்பூசி பற்றியும் கேளுங்கள். கிளம்புமுன் ஆஸ்பத்திரிக்கு ஒரு கோல் எடுத்து, பல் வைத்தியர் இருக்கிறாரா என்று விசாரித்துக்கொண்டு போவது நல்லது, முக்கியமாக இரவிலும் ஞாயிற்றுக்கிழமையிலும்.